மூலம், முதல் பாதம், யே

ஜூன் 12, 2024, புதன்

பொன்னுரங்கம் சாரின் பதிப்பகத்திலிருந்து மூன்று கட்டுகள் வந்தன. நாலாயிரத்து இருநூறு குழந்தைப் பெயர்கள். ஒவ்வொன்றுக்கும் எதிரே பொருள், மூலமொழி, பிறகு புதிதாக ஒரு காலிக் கட்டம்: சான்று. அந்தக் கட்டத்தை நிரப்புவதுதான் என் வேலை. சரி, தவறு, நீக்கு. மூன்றில் ஒன்றை எழுத வேண்டும்.

2010இல் வந்த முதல் பதிப்புக்கும் நான்தான் மெய்ப்புப் பார்த்தேன். பதினாலு வருடம் அது சேலத்துக் கல்யாண மண்டபங்களிலும் மருந்துக்கடைகளிலும் விற்றது. போன மாதம் யாரோ ஒரு பையன் யூடியூபில் அதைப் பக்கம் பக்கமாகப் புரட்டிச் சிரித்திருக்கிறான். சாருக்கு ரோஷம் வந்துவிட்டது.

"இந்தவாட்டி ஒரு பேருகூடப் பொய்யா இருக்கக் கூடாதும்மா. நீங்க எம்.ஏ. தமிழு. உங்கள நம்பித்தான் அட்டையில 'சரிபார்க்கப்பட்டது'ன்னு போடப் போறேன்."

முதல் நாளிலேயே ஒன்று விளங்கியது. பொருள் தெரியாத பெண் பெயருக்கெல்லாம் 'லட்சுமி தேவி' என்று போட்டிருக்கிறோம். பொருள் தெரியாத ஆண் பெயர்களெல்லாம் 'வெற்றி பெறுபவன்'. எழுபத்தொரு லட்சுமி, ஐம்பத்தெட்டு வெற்றி. இவர்களில் எத்தனை பேர் இப்போது வேலை தேடிக்கொண்டிருக்கிறார்களோ.

மிக்ஸி ஜாரில் கசிவு. வாஷர் மாற்ற வேண்டும்.

ஜூன் 14, வெள்ளி

இன்று அஸ்வினி முடிந்து பரணி.

பெயர்ப் புத்தகம் விற்பதே இந்த எழுத்துப் பட்டியலால்தான். இருபத்தேழு நட்சத்திரம், ஒவ்வொன்றுக்கும் நாலு பாதம், பாதத்துக்கு ஓர் எழுத்து. குழந்தை பிறந்த நேரத்தைச் சொன்னால் ஜோசியர் எழுத்தைச் சொல்வார். அந்த எழுத்தில் பெயர் வேண்டும். பூசம் நாலாம் பாதத்துக்கு 'ட'. ட-வில் தமிழில் ஒரு சொல்லும் தொடங்காது. அதற்காக வீட்டில் பிறந்த பிள்ளையை வேறு பாதத்துக்கு மாற்ற முடியுமா? ஆகவே பதிப்பகத்தார் பெயர் உண்டாக்குவார்கள். கட்டத்தைக் காலியாக விட்டால், 'எங்க எழுத்துக்குப் பேரே இல்லை' என்று புத்தகத்தைத் திருப்பிக் கொண்டுவந்துவிடுவார்கள்.

சாரின் மருமகள் தர்ஷனா பதிப்பகத்தின் இணையதளத்தைப் பார்த்துக்கொள்கிறாள். இருபத்தெட்டு வயது. கெட்டிக்காரி. "மேடம், ஆத்விக் பேர நீக்கிடாதீங்க. தேடல்ல அதுதான் நம்பர் ஒன்."

"எந்த அகராதியிலயும் இல்ல தர்ஷனா."

"அகராதியில இல்லாட்டி என்ன மேடம், ஒவ்வொரு எல்.கே.ஜி.லயும் நாலு பேரு இருக்கான்."

'நீக்கு' என்று எழுதினேன்.

ஜூன் 18, செவ்வாய்

தண்ணீர் இன்றும் வரவில்லை. மூல நட்சத்திரத்தைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம் என்று அந்தத் தாள்களை மட்டும் எடுத்துக் கட்டுக்கு அடியில் வைத்தேன். குறிப்பான காரணம் ஒன்றும் இல்லை.

ஜூன் 21, வெள்ளி

பதிப்பகத்துக்குப் போயிருந்தேன். ஒரு வாசகரின் மின்னஞ்சலைத் தர்ஷனா சத்தமாகப் படித்தாள்.

அந்த அம்மாவின் மகள் இரண்டாம் வகுப்பு. பள்ளி திறந்ததும் தமிழ் ஆசிரியை, 'என் பெயரும் அதன் பொருளும்' என்று எல்லாரையும் எழுதிவரச் சொல்லியிருக்கிறார். இவள் நம் புத்தகத்தைப் பார்த்து எழுதிக்கொண்டு போயிருக்கிறாள். யேனிலா, வானில் முதலில் தெரியும் வெளிச்சம், தூய தமிழ். ஆசிரியை வகுப்பிலேயே, 'இது தமிழும் இல்ல, சமஸ்கிருதமும் இல்ல. யாரோ வாய்க்கு வந்ததை வச்சிருக்காங்க' என்று நோட்டில் சிவப்பில் சுழித்துவிட்டார். அன்றிலிருந்து பிள்ளைகள் அவளை 'வெனிலா கோன்' என்கிறார்களாம். பள்ளிக்குப் போகமாட்டேன் என்று அழுகிறாளாம். 'சான்று இருந்தால் எழுத்தில் தாருங்கள். இல்லையென்றால் ஏன் அச்சடித்தீர்கள் என்றாவது சொல்லுங்கள்.'

கீழே பெயர்: பவித்ரா கிருபாகரன், அஸ்தம்பட்டி.

"நியாயமான கேள்விதான் மேடம். இல்ல?"

"நியாயம்தான்."

"பேரு நிஜமா, டூப்பா?"

"பாத்துட்டுச் சொல்றேன்."

வீட்டுக்கு வந்து 'கி' வரிசையை எடுத்தேன். கிருபாகரன்: கருணைக்கு இருப்பிடமானவன். வடமொழி. சான்று உண்டு. சரி என்று எழுதினேன். பெயருக்கும் ஆளுக்கும் பொருத்தம் பார்ப்பது என் வேலை இல்லை.

ஜூன் 22, சனி

நேற்று எழுதாததை இன்று எழுதிவிடுகிறேன். இந்த நோட்டுக்குள்ளும் வெட்டி ஒட்டுவது அசிங்கம்.

யேனிலா நான் வைத்த பெயர். 2009 அக்டோபர் 22, வியாழக்கிழமை, மூலம் முதல் பாதத்தில் எனக்கு ஒரு பெண் பிறந்தாள். அப்போது நான் கிருபாகரனின் மனைவி. மாமியார் ஆஸ்பத்திரி வராந்தாவிலேயே ஆரம்பித்துவிட்டார். "ஆம்பள மூலம் அரசாளும். பொம்பள மூலம் நிர்மூலம். இனி எந்தச் சுவரு நிக்குமோ." ஜோசியர் கொடுத்த எழுத்து 'யே'. யே-வில் என்ன பெயர் இருக்கிறது? படுத்துக்கொண்டே வாயில் எழுத்துகளை உருட்டி உருட்டிப் பார்த்தேன். யேனிலா என்று வந்தது. நன்றாக இருந்தது. அவ்வளவுதான். அர்த்தம் எதுவும் இல்லை.

கிருபாகரனிடம் மட்டும் சொன்னேன். "வெனிலா ஐஸ்கிரீம் மாதிரி இருக்குடி" என்று சிரித்தான். பிறகு, "பரவால்ல, எனக்குப் பிடிச்சிருக்கு" என்றான்.

பதினோராம் நாள் காதில் மூன்று முறை சொல்லிப் பெயர் வைப்பதாக இருந்தது. ஒன்பதாம் நாள் போய்விட்டாள். குழந்தை கடைசிவரை கண்ணாடிக்குப் பின்னால்தான் இருந்தது. அறுவை சிகிச்சைத் தையலோடு நான் வேறு மாடியில். பெயரை அவள் காதில் யாரும் சொல்லவில்லை. பிறப்புச் சான்றிதழிலும் பெயருக்கு நேரே கோடுதான். இறப்புச் சான்றிதழில் 'பெண் குழந்தை'.

அடுத்த வருடம் இந்தப் புத்தகம். மூலம் முதல் பாதம் யே கட்டத்தில் இரண்டே பெயர்கள் இருந்தன. அன்று சாயங்காலம் தாள்கள் அச்சுக்குப் போக வேண்டும். "எதையாவது நிரப்புங்கம்மா, அசிங்கமா இருக்கு" என்றார் சார். நிரப்பினேன். பொருள் கேட்கும் கட்டத்தில் என்ன எழுதுவது? ஜன்னல் வழியாக அப்போது எது தெரிந்ததோ அது. தூய தமிழ் என்றும் போட்டேன். யாரும் சரிபார்க்கவில்லை. சரிபார்க்கும் ஆளே நான்தானே.

இரண்டு வருடத்தில் விவாகரத்து. சுவரெல்லாம் நின்றுகொண்டுதான் இருந்தது.

இட்லி மாவு புளித்துவிட்டது. நாளை தோசைதான்.

ஜூன் 27, வியாழன்

ஆறு நாளாக ஒரே எண்ணம். பதினோராம் நாள் அந்த இன்னொரு குழந்தையின் காதில் அந்தப் பெயரை மூன்று முறை சொன்னது யார்? அப்பாதான் சொல்வார், வழக்கம். மூன்று முறை. முதல் முறைகூட அவனுக்கு நாக்கு தடுக்கவில்லையா?

ஒருவேளை பவித்ரா புத்தகத்தில் பார்த்துப் பிடித்துப்போய்ச் சொல்லியிருக்கலாம். அவன் வேண்டாம் என்று சொல்லத் தைரியமில்லாமல் இருந்திருக்கலாம். கிருபாகரனுக்கு வேண்டாம் என்று சொல்லத் தெரியாது. அவன் அம்மாவிடம் அதைச் சொல்லத் தெரியாமல்தான் என்னை வேண்டாம் என்றான்.

தர்ஷனா இரண்டு முறை போன் செய்துவிட்டாள். சாரே ஒருமுறை பேசினார்.

"என்னம்மா ஒரு பேருக்கு இவ்ளோ நாளு? ஏதோ பழைய பாட்டுல இருக்குன்னு எழுதி அனுப்பிடுங்க. எந்த வாத்தியாரு எடுத்துப் படிக்கப் போறாரு?"

"பொய்ங்க சார் அது."

"பொய்தான். முதல்ல அதுதான போட்டோம்?"

"அதத் திருத்தத்தான உட்காந்திருக்கேன்."

"அப்ப நீக்கிடுங்க. மன்னிப்புக் கேட்டு ரெண்டு வரி எழுதிடலாம். தீந்துது."

நீக்கு. மூன்று எழுத்து. பேனாவைத் தாளில் வைத்தேன். நீ வரைக்கும் எழுதினேன். பிறகு மிக்ஸிக்கு வாஷர் வாங்கப் போய்விட்டேன்.

ஜூலை 2, செவ்வாய்

பதிலுக்குக் காத்திருந்து சலித்து, பவித்ரா பெண்ணையும் கூட்டிக்கொண்டு பதிப்பகத்துக்கே வந்துவிட்டாள். நான் உள்ளே தாள் அடுக்கிக்கொண்டிருந்தேன். தர்ஷனா, "இவங்கதான் பேரெல்லாம் பாக்கற மேடம்" என்று என் முன்னால் உட்காரவைத்தாள். என் பெயரைச் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

முப்பத்தைந்து இருக்கும். அவசரத்தில் குத்திய புடவை ஊக்கு, சிரித்த முகம். வெறுக்க வசதியான முகமாக இருந்திருக்கலாம்.

"தப்பா நினைக்காதீங்க மேடம். சண்டைக்கு வரல. புள்ள சாப்புடறதே இல்ல. அதான்."

"புத்தகத்துல பாத்தா வச்சீங்க?"

"இல்லீங்க, அதுதான் விசேஷமே. இவங்க அப்பாவே யோசிச்சு வச்ச பேரு. கல்யாணத்துக்கு முன்னாடியே மனசுல வச்சிருந்தாராம். இவளுக்கு ரோகிணி, யே வராது, வ-வுல வைங்கன்னு எங்கப்பா எவ்ளோ சொன்னாரு. கேக்கல. வேற எதுக்கும் பிடிவாதம் பிடிக்காத மனுஷன் மேடம் அவரு. அப்புறமா உங்க புஸ்தகத்துல அதே பேரப் பாத்தேன். பாருங்க, நெசமாவே இருக்குன்னு காட்டினா, எந்திரிச்சுப் போயிட்டாரு."

தர்ஷனா ரசித்துக் கேட்டுக்கொண்டிருந்தாள். "சோ ஸ்வீட்."

"அவருக்கு இதுக்கு முன்னாடி ஒரு கல்யாணம் ஆயி, குழந்தை இல்லாம பிரிஞ்சவருங்க. பாவம். பேர மட்டும் வச்சுக்கிட்டு இருந்திருக்காரு."

குழந்தை இல்லாம. மேசையில் இருந்த தாள்களை நேராக்கினேன். அவை ஏற்கெனவே நேராகத்தான் இருந்தன.

அந்தப் பெண் இவ்வளவு நேரமும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். முன்பல் இரண்டும் இல்லை. காது அவன் காது.

"ஆன்ட்டி, என் பேருக்கு அர்த்தம் இருக்கா?"

"பாக்கணும்மா."

"லட்சுமின்னு மட்டும் சொல்லிடாதீங்க. எங்க கிளாஸ்ல மூணு பேருக்கு அதான் அர்த்தம். மித்ரன் மூணு பேரையும் லட்சுமி வெடின்னு கூப்புடறான்."

சிரித்துவிட்டேன். அதற்காக என்மேல் எனக்குக் கோபம் வந்தது.

"வெள்ளிக்கிழமைக்குள்ள எழுத்துல தர்றேன்" என்றேன்.

ஜூலை 5, வெள்ளி

மூன்று வரைவுகள்.

முதல் வரைவு சார் சொன்னபடி. பழம்பாடல், வரி எண் எல்லாம் போட்டு, கச்சிதமாக வந்தது. கிழித்தேன்.

இரண்டாவதில் உள்ளதை உள்ளபடி எழுதினேன். ஆஸ்பத்திரி, கண்ணாடி, ஒன்பது நாள், யாருடைய குழந்தை, யார் இல்லை என்கிறார் என்பது. ஒன்றரைப் பக்கம் வந்தது. படித்துப் பார்த்தேன். ஏழு வயதுப் பிள்ளையின் நோட்டில் ஒட்டுவதற்கான கடிதம் அது. அதையும் கிழித்தேன், ஆனால் மெதுவாக.

அனுப்பியது இது:

'யேனிலா: இக்காலப் பெயர். பழைய நூல்களிலும் அகராதிகளிலும் இல்லை. மூல நட்சத்திரத்துக்குரிய "யே" எழுத்துக்காக, 2009 அக்டோபரில் பிறந்த ஒரு பெண் குழந்தைக்கு அவளுடைய தாய் உருவாக்கியது. பிறகு "முதல் வெளிச்சம்" என்று பொருள் கொடுத்தவரும் அவரே. எல்லாப் பெயரும் ஒரு நாள் ஒருவர் முதன்முதலாக வைத்ததுதான். ஆகவே இது தவறான பெயர் அல்ல. எங்கள் நூலில் "தூய தமிழ்" என்று அச்சிட்டது எங்கள் பிழை. மாணவி எழுதியதில் பிழை இல்லை. இப்படிக்கு, ப. சாருமதி, எம்.ஏ., சரிபார்ப்பாளர்.'

ஒவ்வொரு சொல்லும் உண்மை. வருடத்தைப் போட்டேன், ஏனென்றால் வருடம் இல்லாத சான்று சான்றாகாது. என் பெயரைப் போட்டேன், ஏனென்றால் கையெழுத்தில்லாத கடிதத்தைப் பள்ளிக்கூடத்தில் ஏற்கமாட்டார்கள். வேறு எதற்காகவும் இல்லை.

சார் படித்துவிட்டு, "யாரும்மா அந்தத் தாய்? உங்களுக்குத் தெரிஞ்சவங்களா?" என்றார். தெரிந்தவர்தான் என்றேன்.

ஜூலை 8, திங்கள்

காலையில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தபோது போன். பன்னிரண்டு வருடம் கழித்து அந்தக் குரல். என் எண் மாறவில்லை. அவனுக்கு ஞாபகம் இருக்கும் என்று எதிர்பார்க்கவில்லை.

"சாரு."

"சொல்லுங்க."

"எதுக்கு இப்படிப் பண்ணின?"

"கேட்டாங்க. சரிபாத்துக் குடுத்தேன்."

"வருஷத்த எடுத்துட்டு வேற ஒண்ணு எழுதிக் குடு. உன் பேரும் வேண்டாம். பவித்ரா இன்னும் பாக்கல, கவர் என்கிட்டதான் இருக்கு."

"எடுத்துட்டா எதுல இருக்கும் அது? உங்க வீட்ல இல்ல. சான்றிதழ்ல இல்ல. குழந்தையே இல்லன்னு சொல்லி வச்சிருக்கீங்க."

பின்னால் யாரோ குக்கர் விசில் எண்ணும் சத்தம்.

"அப்ப ஏன் அந்தப் பேர வச்சீங்க? உலகத்துல வேற பேரா இல்ல? நாலாயிரத்து இருநூறு இருக்கு, என்கிட்டயே."

"எனக்கு வேற பேரு வாயில வரல சாரு. ஒன்பது நாளும் அந்தக் கண்ணாடிகிட்ட நின்னு அதச் சொல்லித்தான் கூப்புட்டுக்கிட்டு இருந்தேன். நர்ஸம்மா ஒருதரம் உள்ள விட்டாங்க. காதுல சொன்னேன்."

"என்கிட்ட சொல்லல."

"நீ மேல படுத்திருந்த. அப்புறம் சொல்ற மாதிரி இல்ல."

குழாயை மூட மறந்திருந்தேன். தண்ணீர் வரும் ஒரே நேரம் அது, அதுவும் வீணாகப் போய்க்கொண்டிருந்தது.

"கவர அவங்ககிட்ட குடுங்க. இல்லன்னா இன்னொரு பிரதி பள்ளிக்கூடத்துக்கு நானே அனுப்புவேன்" என்று சொல்லி வைத்துவிட்டேன்.

இத்தனை வருடமும் அவள் காதில் பெயர் விழவில்லை என்பது ஒன்றுதான் எனக்கென்று மிச்சமிருந்தது. அதன்மேல் ஏறி நின்றுதான் அவர்கள் எல்லாரையும் பார்த்துவந்தேன். இப்போது இவன் சொன்னேன் என்கிறான். பொய்யாகவும் இருக்கலாம். சரிபார்க்க வழியில்லை.

ஜூலை 9, செவ்வாய்

மூலம் முடித்தேன். யேனிலாவுக்கு நேரே அரைகுறையாக நின்ற 'நீ'யை அடித்து, சரி என்று எழுதினேன். சான்றுக் கட்டத்தில் 2009 மட்டும்.

கறிவேப்பிலை வாங்கவில்லை.

ஜூலை 12, வெள்ளி

மத்தியானம் வாட்ஸப்பில் புதிய எண்ணிலிருந்து செய்தி. தர்ஷனாவிடம் என் எண்ணை வாங்கியிருக்கிறாள்.

'நான் பவித்ரா. லெட்டர் கிடைச்சது. உங்க பேரப் பாத்ததும் தெரிஞ்சுது. அவர்கிட்ட கேட்டேன். எல்லாம் சொல்லிட்டாரு. ரெண்டு நாள் அவர்கூடப் பேசல. உங்கமேலயும் கோபம்தான். அன்னைக்கு எதிர்லயே உட்காந்திருந்தீங்க, ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்.'

சொல்லியிருக்கலாம்தான். கொஞ்ச நேரம் கழித்து அடுத்தது வந்தது.

'டீச்சர் கிளாஸ்ல லெட்டரப் படிச்சுக் காட்டினாங்களாம். சாரின்னு பாப்பாகிட்ட சொன்னாங்களாம். அவளுக்கு ஒரே குஷி. வந்ததுலருந்து ஒரே கேள்விதான். என் பேருல ஒரு அக்கா இருக்காங்க இல்ல, அந்த அக்கா எந்த ஸ்கூல்ல படிக்கறாங்கன்னு. நான் என்ன சொல்லட்டும்? அவரு எந்திரிச்சு வெளிய போயிட்டாரு. பொறந்த வருஷத்தப் போட்டது நீங்க. நீங்களே சொல்லுங்க.'

போனை மேசையில் வைத்துவிட்டுத் தாள்களை எடுத்தேன். ரேவதியில் பதினாறு பெயர்கள் பாக்கி. ஒன்றும் கண்ணில் ஏறவில்லை. 'அந்த அக்கா இல்லம்மா' என்று எழுதினேன். அது சரி. ஆதாரம் இருக்கிறது, மாநகராட்சி முத்திரையோடு. அனுப்பவில்லை, அழித்தேன். 'தெரியாது' என்று எழுதினேன். அதையும் அழித்தேன். 2009 அக்டோபர். இந்த வருடம் பத்தாவதில் இருப்பாள். கணக்கு சரியாக வருகிறது.

'வேற ஊர்ல படிக்கிறாங்கன்னு சொல்லுங்க. பத்தாவது. நல்லாப் படிப்பா' என்று அனுப்பினேன்.

இரண்டு நீலக் கோடுகள் விழுந்தன. பதில் இல்லை.

பிள்ளை கேட்டது எந்தப் பள்ளி என்று மட்டும்தான். நன்றாகப் படிப்பாளா என்று யாரும் கேட்கவில்லை. அதை நான் எதற்குச் சேர்த்தேன் என்று தெரியவில்லை.